இருட்டில் வாழும் மக்களுக்கு ஒரு மொழி செய்வதென்றால்: குரலா, விசிலா, தொடுகையா?

மிகுபுனைவு எழுதுகிறவர்கள் குகைக்குள்ளேயோ சூரியன் எட்டாத ஒரு கோளிலோ வாழும் மக்களைப் படைக்கும்போது அவர்கள் உடம்பு எப்படி இருக்கும், என்ன சாப்பிடுவார்கள் என்றெல்லாம் பக்கம் பக்கமாக யோசிக்கிறார்கள், ஆனால் மொழி என்று வந்ததும் நான்கு கரகரப்பான ஒலிகளைப் போட்டு முடித்துவிடுகிறார்கள், இல்லாவிட்டால் 'அவர்கள் கைகளால் பேசிக்கொண்டார்கள்' என்று ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போய்விடுகிறார்கள். எனக்கு இதில் உண்மையான வருத்தம் உண்டு. நிரந்தர இருட்டில் வாழும் ஒரு கூட்டத்தின் மொழி வெளிச்சத்தில் வாழும் நம் மொழி மாதிரியே இருந்தால் அந்த இருட்டு வெறும் பின்னணிச் சீலைதான். என் கதையில் வரும் தொரு மக்களுக்காக இந்த முடிவை நானும் எடுக்க வேண்டியிருந்தது. எதை எதோடு ஒப்பிட்டேன், எதை வைத்துக்கொண்டேன், எதை விட்டேன் என்று எழுதுகிறேன். இதே வேலையில் இருக்கும் யாருக்காவது உதவும்.

ஒலியா கையா என்ற கேள்விக்கு முன்னால் இன்னொன்றைத் தீர்மானித்தாக வேண்டும். உங்கள் மக்கள் எப்போதுமே இருட்டில் இருந்தவர்களா, இல்லை வெளிச்சத்திலிருந்து உள்ளே போனவர்களா? முதல் வகை என்றால் அவர்கள் மொழியில் 'பார்' என்ற வினையே இருக்க வழியில்லை. இரண்டாவது வகை என்றால் அந்த வினை இருக்கும், பொருள் மாறிப் போயிருக்கும். இதற்கு அழகான ஆதாரம் ஒன்று இருக்கிறது. பார்பரா லாண்டௌ, லைலா கிளைட்மன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் பிறவியிலேயே பார்வை இல்லாத குழந்தைகள் மொழி கற்பதை ஆராய்ந்து 1985இல் வெளியிட்டார்கள். 'மேலே பார்' என்று சொன்னால் கண்ணைக் கட்டிவிட்ட பார்வையுள்ள குழந்தைகள் முகத்தை மேலே தூக்கினார்கள். பார்வையில்லாத சிறுமி முகத்தை அசைக்காமல் கைகளை மேலே தூக்கினாள். அவளுக்குப் பார்ப்பது என்றால் கையால் ஆராய்வது, அவ்வளவுதான். யாரும் அவளுக்கு அப்படிச் சொல்லிக் கொடுக்கவில்லை.

நான் இரண்டாவது வகையைத்தான் தேர்ந்தெடுத்தேன், அதையே உங்களுக்கும் சொல்வேன். உள்ளே போய்ப் பல தலைமுறை ஆன மக்களின் மொழியில் வெளிச்சத்தின் மிச்சங்கள் கிடக்கும், அவற்றின் மூலப்பொருள் அவர்களுக்கே தெரியாது. தமிழில் 'சாப்பிட்டுப் பார்', 'கேட்டுப் பார்' என்று நாம் பேசுகிறோமே, அங்கே கண்ணுக்கு வேலையே இல்லை. அந்த மாதிரி ஒரு துணைவினை மட்டும் குகைக்குள் மிஞ்சியிருந்து, அது ஏன் அங்கே இருக்கிறது என்று ஒரு கிழவியும் பேத்தியும் பேசிக்கொண்டால், வரலாற்றை விளக்க நீங்கள் தனியாக ஒரு அத்தியாயம் எழுத வேண்டியதில்லை.

சரி, இனி வழிகள். நான்கு இருக்கின்றன: சாதாரணக் குரல், விசில், நாக்கைச் சொடுக்கும் ஒலி, தொடுகை.

எல்லோருக்கும் முதலில் கவர்ச்சியாகத் தெரிவது தொடுகைதான். இருட்டு, கண் இல்லை, ஆகவே கை என்று மனம் உடனே போய்விடுகிறது. தொடுகையில் முழு மொழியும் சாத்தியமே இல்லை என்று சொல்கிறவர்களும் உண்டு, அது தவறு. அமெரிக்காவின் சியாட்டில் நகரில் பார்வையும் செவியும் இரண்டுமே இல்லாத மக்கள் 2007 வாக்கிலிருந்து ப்ரோடாக்டைல் என்ற ஒன்றை வளர்த்துவருகிறார்கள். அதற்கு முன் அவர்கள் அமெரிக்கச் சைகை மொழியைக் கையின்மேல் கை வைத்து உணர்ந்து புரிந்துகொண்டார்கள், ஆனால் அது கண்ணுக்காகப் பிறந்த மொழி என்பதால் பாதி விஷயம் நழுவிவிடும். ப்ரோடாக்டைலில் பேசுகிறவர் காற்றில் கை அசைப்பதில்லை, கேட்கிறவரின் உள்ளங்கை, முன்கை, தொடை என்று அவர் உடம்பின் மேலேயே பேசுகிறார். கேட்கிறவரின் கையும் சொல்லை உருவாக்குவதில் பங்கெடுக்கிறது. டெரா எட்வர்ட்ஸ், டயான் ப்ரென்டாரி என்ற மொழியியலாளர்கள் 2020இல் இதன் ஒலியனியலுக்கு (ஒலிகள் சேர்ந்து சொல்லாகும் ஒழுங்குக்கு), அதாவது இங்கே தொடுகையனியலுக்கு, விளக்கம் எழுதினார்கள். நான்கு கைகள் சேர்ந்து ஒரு சொல்லைச் செய்வதற்கு ஒழுங்கான விதிகள் அதில் உருவாகிவருகின்றன. ஹெலன் கெல்லருக்கு 1887இல் உள்ளங்கையில் விரல்களால் 'வாட்டர்' என்று எழுத்துக்கூட்டிக் காட்டிய கதை நமக்கெல்லாம் பாடப்புத்தகத்திலிருந்தே தெரியும். அது ஏற்கெனவே இருக்கும் ஒரு மொழியை எழுத்துக்கூட்டிச் சொல்வது. ப்ரோடாக்டைல் அப்படி இல்லை, தோலுக்குள்ளேயே பிறந்த மொழி.

அப்படியானால் தொடுகையையே முதன்மை மொழியாக எடுத்துக்கொள்ளலாமே? என் பதில், வேண்டாம். காரணம் ரொம்ப எளிமையானது, ஆனால் பலர் யோசிப்பதில்லை: இருட்டில் கைதான் கண். தொரு மக்கள் நடக்கும்போது ஒரு கை சுவரில் இருக்கும், இன்னொன்றில் கயிறோ கோலோ குழந்தையோ இருக்கும். பாறையில் ஏறும்போது இரண்டு கையும் பாறைக்கு. அந்த நேரத்தில்தான் 'அங்கே கால் வைக்காதே' என்று சொல்ல வேண்டியும் வரும். காது நன்றாகக் கேட்கும் ஒரு கூட்டம் கையை முதன்மைப் பேச்சுக்கு ஒப்படைப்பது நடக்காத காரியம். ப்ரோடாக்டைல் பிறந்ததற்குக் காரணமே அந்த மக்களுக்குச் செவியும் இல்லை என்பது. உங்கள் மக்களுக்குச் செவி இருந்தால் அவர்கள் குரலைத்தான் பிடித்துக்கொள்வார்கள். இந்தத் தேர்வு மாற வேண்டிய சூழல் ஒன்று உண்டு: சத்தம் கேட்டு வரும் ஏதோ ஒரு வேட்டை விலங்கு அந்த இருட்டில் இருந்தால். அப்போது சத்தம் என்றாலே சாவு, கை இரண்டு வேலையையும் தாங்கித்தான் ஆக வேண்டும், அந்த நெருக்கடியே மொழியைக் குறுக்கிவிடும். அந்தக் கதையை எழுதுகிறவர்கள் தயவுசெய்து ப்ரோடாக்டைலைப் பற்றி ஆழமாகப் படித்துவிட்டு எழுதுங்கள், அந்த மக்கள் பாடுபட்டு உருவாக்கியதை ஒரு மந்திரஜாலமாக மாற்றிவிடாதீர்கள்.

விசிலுக்கு வருவோம். கேனரித் தீவுகளில் ஒன்றான லா கொமேராவில் சில்போ என்ற விசில் மொழி இருக்கிறது, 1999 முதல் பள்ளிகளில் கட்டாயமாகச் சொல்லிக்கொடுக்கிறார்கள், 2009இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்தது. பலர் இதைத் தனிமொழி என்று நினைக்கிறார்கள். அது விசிலில் பேசப்படும் ஸ்பானியம். உயிரொலிகளும் மெய்யொலிகளும் சுருதியின் ஏற்ற இறக்கமாக மாறிவிடுகின்றன, பள்ளத்தாக்கைத் தாண்டிச் சில கிலோமீட்டர் போகும். துருக்கியின் வடக்கு மலைகளில் குஷ்கோய் என்ற ஊரில் துருக்கி மொழியையும் இப்படியே விசிலடித்துப் பேசுகிறார்கள், அதை யுனெஸ்கோ 2017இல் அவசரமாகக் காப்பாற்ற வேண்டிய மரபுகளின் பட்டியலில் வைத்தது. அதாவது விசில் என்பது ஏற்கெனவே இருக்கும் ஒரு மொழியின் தூரத்து வடிவம். இந்த உண்மை மொழி செய்கிறவருக்கு எவ்வளவு வசதி பாருங்கள், இரண்டு மொழி செய்ய வேண்டியதில்லை, ஒன்றைச் செய்துவிட்டு அதை விசிலாக்கும் விதியை மட்டும் எழுதினால் போதும்.

ஆனால் குகையில் ஒரு சிக்கல் இருக்கிறது. மலைப் பள்ளத்தாக்கில் ஒலி திறந்த வெளியில் போகிறது, குகையில் திரும்பித் திரும்பி வருகிறது. ஒலி நொடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர் போகும் என்று வைத்துக்கொண்டால் 17 மீட்டர் தள்ளி இருக்கும் சுவரிலிருந்து எதிரொலி ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கில் வந்துவிடும். 100 மீட்டர் தள்ளி இருந்தால் ஏறக்குறைய 0.6 நொடி, அதற்குள் சாதாரணமாகப் பேசுகிறவர் மூன்று அசைகளைச் சொல்லி முடித்திருப்பார். வியட்நாமின் சன் டூங் குகையில் சில இடங்களில் கூரை 200 மீட்டர் உயரம். அந்த மாதிரி ஒரு கூடத்தில் நீளமாக இழுத்து விசிலடித்தால் முந்தின சுருதியும் பிந்தின சுருதியும் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் குழம்பிவிடும். அதனால் நான் விசிலை வைத்துக்கொண்டேன், ஆனால் அழைப்பு, எச்சரிக்கை, இடம் சொல்வது என்று குறுஞ்செய்திகளுக்கு மட்டும், நடுவில் எதிரொலி அடங்கும்வரை நிறுத்தி நிறுத்தி.

நாக்குச் சொடுக்கு எனக்கு ரொம்பவே ஆசை காட்டிய ஒன்று. டேனியல் கிஷ் என்ற அமெரிக்கர் புற்றுநோயால் 13 மாதக் குழந்தையாக இருக்கும்போதே இரண்டு கண்களையும் இழந்தவர், நாக்கைச் சொடுக்கி அதன் எதிரொலியை வைத்தே சுவர், மரம், வாகனம் எல்லாவற்றையும் இனங்காண்கிறார், சைக்கிள் ஓட்டுகிறார், மற்றவர்களுக்கும் கற்றுக்கொடுக்கிறார். இன்னொரு பக்கம் தென் ஆப்பிரிக்காவின் சோசா, ஜூலு, நமீபியா-போட்ஸ்வானா பகுதியின் கோய்சான் மொழிகள், தான்சானியாவின் ஹட்சா, சண்டாவே ஆகியவற்றில் சொடுக்கொலிகள் முழு மெய்யெழுத்துகள். இரண்டையும் சேர்த்தால் பேசப்பேசவே சுற்றுப்புறம் தெரியவரும் ஒரு மொழி கிடைக்கும் அல்லவா! கேட்க அற்புதமாக இருக்கிறது. ஆனால் பத்துப் பேர் ஒரே நேரத்தில் பேசினால் எவருடைய எதிரொலி எவருக்கு? வழி தேடிச் சொடுக்குகிறவனுக்குச் சந்தைக்கடை மாதிரி இரைச்சல்தான் கிடைக்கும். ஆகவே எதிர்த்திசையில் போனேன். தொரு மொழியில் சொடுக்கொலி எந்தச் சொல்லிலும் கிடையாது. அது வழி பார்ப்பதற்கென்றே ஒதுக்கப்பட்டது, ஒருவர் சொடுக்கினால் மற்றவர்கள் ஒரு மூச்சு நேரம் வாயை மூடிக்கொள்வது மரியாதை. நாம் இரக்கத்துக்கும் சலிப்புக்கும் உச்சுக் கொட்டுகிறோம், அதை அவர்கள் ஊரில் செய்தால் பேச்சே நின்றுபோகும்.

ஆக மிஞ்சுவது சாதாரணக் குரல். சலிப்பான முடிவாகத் தோன்றலாம், ஆனால் இருட்டுக்கு ஏற்றபடி அதைச் செதுக்க நிறைய இடம் இருக்கிறது. என் குகையில் ஆறு ஓடுகிறது, ஸ, ஷ போன்ற ஒலிகள் ஓடும் நீரின் இரைச்சலில் கரைந்துவிடும், அதனால் அவற்றை எடுத்துவிட்டேன். எதிரொலியில் நெடில்கள் அடுத்த மெய்யை விழுங்கிவிடும், அதனால் பெரும்பாலும் குறில்கள், தெளிவாக வெடிக்கும் க, ட, ப. அவ்வளவு போதும். ஒலிகளில் இதற்கு மேல் நேரம் செலவழிக்க வேண்டாம் என்பது என் கருத்து, வாசகர் காதில் அது ஏறப்போவதில்லை.

நேரத்தைச் செலவழிக்க வேண்டிய இடம் இலக்கணம். உண்மையில் இருட்டு மொழியைப் பிடித்து உலுக்கும் இடம் அதுதான். கொலம்பியா-பிரேசில் எல்லையில் துயுகா என்ற மொழி பேசும் மக்கள் ஒரு செய்தியைச் சொன்னால், அது தங்களுக்கு எப்படித் தெரியும் என்பதையும் வினைவிகுதியிலேயே சொல்லியாக வேண்டும். ஐந்து நிலைகள்: கண்ணால் கண்டது, வேறு புலனால் அறிந்தது, தடயத்திலிருந்து ஊகித்தது, பிறர் சொல்லக் கேட்டது, இப்படித்தான் இருக்கும் என்று பொது அறிவால் கொள்வது. அதைச் சொல்லாமல் வாக்கியம் முடியாது. இப்போது இந்த ஏணியைக் குகைக்குள் கொண்டுபோங்கள். மேல்படியான 'கண்டது' காலி. அந்த இடத்தில் எது ஏறும்?

என் மக்களுக்குத் தொட்டது மேலே, கேட்டது அடுத்து, முகர்ந்தது அதற்கும் கீழே, பிறர் சொன்னது, பிறகு ஊகம். இப்பு என்றால் நீர், பிட என்றால் ஏறு. 'இப்பு பிடகோ' என்றால் நீர் ஏறிவிட்டது, என் காலில் பட்டது. 'இப்பு பிடனெ', காதால் கேட்டேன். 'இப்பு பிடமு', ஈர வாடை வருகிறது. 'இப்பு பிடலா', யாரோ சொன்னார்கள். 'இப்பு பிடதி', நேற்று அந்த மழை பெய்தது, ஏறியிருக்கத்தான் வேண்டும். பொய் சொல்ல நினைப்பவன் எந்த விகுதியைப் போடுவான், கோழை எதைப் போடுவான், ஒரு தலைவி எல்லோரையும் எழுப்பி ஓடவைக்க எதைத் துணிந்து போடுவாள் என்று யோசித்துப் பாருங்கள். ஐந்து விகுதிகளில் ஒரு முழுக் கதை இருக்கிறது. இதையே தனிச்சொற்களால், 'என்று கேட்டேன்', 'என்று தோன்றுகிறது' என்பது போலச் செய்யலாமே என்றால் செய்யலாம், தமிழில் நாம் அப்படித்தான் செய்கிறோம், வேண்டும்போது. ஆனால் கட்டாயமாக இருக்கும் விகுதிதான் கதாபாத்திரத்தை மாட்டிவிடும், மழுப்ப முடியாது. இரண்டில் எது என்று கேட்டால் தயங்காமல் விகுதி.

சுட்டுச் சொற்களையும் இதோடு பாருங்கள். கனடாவின் மேற்குக் கரையில் பேசப்படும் குவாக்வாலா மொழியில் சுட்டுகள் என்னருகில், உன்னருகில், தொலைவில் என்பதோடு கண்ணுக்குத் தெரிகிறதா இல்லையா என்றும் பிரிகின்றன. குகையில் அந்தப் பிரிவு கைக்கு எட்டுவது, சத்தம் கேட்பது, இரண்டும் இல்லாதது என்று மாறும். யாழ்ப்பாணத்துத் தமிழில் இன்றும் உது, உவன் புழக்கத்தில் இருப்பதால் மூன்று சுட்டு என்பது நமக்கு ஒன்றும் அந்நியமில்லை, தமிழ் வாசகருக்கு இதை விளக்குவது ஆங்கில வாசகருக்கு விளக்குவதைவிட எளிது.

திசைக்கு இரண்டு வழிகள்: உடம்பை வைத்து இடம்-வலம், அல்லது நிலத்தை வைத்து. ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்தில் கூகு யிமிதிர் பேசுகிறவர்கள் 'உன் வடக்குக் காலருகே எறும்பு' என்கிற மாதிரிப் பேசுவார்கள், இடம்-வலம் கிடையாது. மெக்சிகோவின் ட்செல்டால் மக்கள் மலைச்சரிவை வைத்து மேல்பக்கம், கீழ்ப்பக்கம் என்கிறார்கள். சூரியனில்லாத குகையில் வடக்கு தெற்கு பொருளில்லாதது, ஆறு இருக்கிறது, ஆகவே நீர் வரும் பக்கம், நீர் போகும் பக்கம். இருட்டில் இடம்-வலம் ஆபத்தும்கூட, எதிரில் நிற்பவர் எந்தப் பக்கம் திரும்பி நிற்கிறார் என்றே தெரியாதபோது 'உன் வலப்பக்கம் பள்ளம்' என்பதை எந்தத் தைரியத்தில் சொல்வது? நீரோட்டத்துக்கே என் ஓட்டு. ஆறு இல்லாத கிளைக்குகைக்குள் போனால் அவர்கள் மொழியே தடுமாறும் என்பது கூடுதல் லாபம், அங்கே போகப் பயப்படுவதற்கு ஒரு பேயைக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

சொற்களஞ்சியத்தில் நிறங்களை எடுத்துவிட்டால் வெற்றிடம் வரும் என்று பயப்பட வேண்டாம். மலேயாத் தீபகற்பத்தின் காடுகளில் வாழும் ஜஹாய் மக்களிடம் வாசனைகளுக்கென்றே ஒரு டஜன் அளவில் தனிச்சொற்கள் இருக்கின்றன, 'மல்லிகை மாதிரி' என்று ஒரு பொருளைச் சுட்டாமல் நேரடியாகவே சொல்வார்கள். ஆங்கிலம் பேசுகிறவர்கள் வாசனையைச் சொல்லத் திண்டாடும் இடத்தில் இவர்கள் நிறத்தைச் சொல்வது போலவே சரளமாகச் சொன்னதை 2014இல் வெளியான ஒரு ஆய்வு காட்டியது. வாசனை, சொரசொரப்பு, ஈரம், காற்றின் இழுப்பு என்று நான்கு வரிசை போட்டு ஒவ்வொன்றிலும் ஏழெட்டுச் சொல் செய்தால் போதும்.

ஒதுக்கி வைத்த தொடுகையை இங்கே உள்ளே கொண்டுவருகிறேன். முகம் தெரியாத இடத்தில், எதிரில் இருப்பவர் கேட்கிறாரா, தூங்கிவிட்டாரா, கோபத்தில் இருக்கிறாரா என்று எப்படித் தெரியும்? பாட்டி கதை சொல்லும்போது பிள்ளைகள் 'ம்' கொட்டிக்கொண்டே இருக்க வேண்டும், நின்றால் கதையும் நிற்கும். தொரு மக்களுக்கு இது எல்லாப் பேச்சிலும் கட்டாயம். தூரத்தில் இருந்தால் குரலால், பக்கத்தில் உட்கார்ந்திருந்தால் பேசுகிறவரின் முழங்காலில் விரலால் தட்டி. ப்ரோடாக்டைல் பேசுகிறவர்கள் இப்படி ஒருவர் தொடையில் ஒருவர் தட்டித்தான் 'ஆமாம், புரிகிறது, சொல்' என்பதைத் தொடர்ந்து தெரிவிக்கிறார்கள். வாயால் 'ம்' சொல்லிக்கொண்டே முழங்காலில் 'நம்பவில்லை' என்று தட்டலாம். கூட்டத்தில் ஒருவருக்கும் தெரியாமல். இதை எழுத ஆரம்பித்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சியைச் சொல்லி முடியாது.

எழுத்து வேண்டுமா என்பது உங்கள் கதையைப் பொறுத்தது. வேண்டுமென்றால் புள்ளியா முடிச்சா என்று இரண்டு வழி. ஷார்ல் பார்பியே என்ற பிரெஞ்சுக்காரர் விரலால் தடவிப் படிப்பதற்காக 12 புள்ளிகளில் செய்த முறையில் ஓர் எழுத்து விரல்நுனிக்குள் அடங்கவில்லை. லூயி பிரெய்ல் 1824இல், தனக்கு 15 வயதிருக்கும்போது, அதை 6 புள்ளிகளாகக் குறைத்தார், 63 சேர்க்கைகள் கிடைத்தன. தமிழ் உட்பட இந்திய மொழிகளுக்கான பாரதி பிரெய்ல் 1951இல் அதே ஆறு புள்ளிகளில்தான் நின்றது. தென்னமெரிக்காவின் இன்கா மக்களின் கிப்பு என்ற முடிச்சுக் கயிறுகளோ பத்தின் அடுக்குகளில் எண்களை வைத்திருந்தன, அந்தக் கணக்கு முறையை லேலண்ட் லாக் என்ற ஆய்வாளர் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் விளக்கினார். கதைகளுக்கும் அவை பயன்பட்டனவா என்பதில் இன்றும் விவாதம் நடக்கிறது. ஈரக்குகையில் கயிறு அழுகும், கல்லில் பொறித்த புள்ளி நிற்கும். ஆனால் கல்லைத் தூக்கிக்கொண்டு நடக்க முடியாது. நான் இரண்டையும் பிரித்துக்கொண்டேன்: சட்டமும் வழிகாட்டியும் நடைபாதைச் சுவரில், இடுப்பு உயரத்தில், புள்ளியாக. கடன் கணக்கு மட்டும் கயிற்றில், அது அழுகும்வரைதான் கடன் செல்லும்.

எங்கே தொடங்குவது என்று கேட்டால் அகராதியில் தொடங்காதீர்கள். ஐந்து விகுதி, மூன்று சுட்டு, நீரோட்டத்தின் இரண்டு திசை, இவற்றை மட்டும் வைத்துக்கொண்டு இரண்டு பேருக்கு நடுவே ஒரு சண்டையை எழுதிப் பாருங்கள். நீர் ஏறுகிறது என்கிறான் ஒருவன், எந்த விகுதியில் சொல்கிறாய் என்று கேட்கிறாள் அவள். அவன் பதில் சொல்வதற்குள் உங்களுக்கு அடுத்து தேவைப்படும் சொற்கள் என்னவென்று தெரிந்துவிடும்.